குழந்தைக்கு ஸ்கேன் எடுக்கும் வேலைதான் வேண்டும் என்கிறாளா மகள்?

அம்மா, மகள் பி.எஸ்சி. ரேடியாலஜி (எக்ஸ்ரே, ஸ்கேன் எடுக்கும் படிப்பு) சேரலாமா, இன்னொரு வருடம் நீட் எழுதலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். அவள் அக்காள் குழந்தை என்.ஐ.சி.யூ.வில் (பச்சிளங்குழந்தைகளின் தீவிர சிகிச்சைப் பிரிவு) இருந்தபோது அவள் பார்த்தது தலை ஸ்கேன். பச்சிளங்குழந்தையின் உச்சிக்குழி மூடியிருக்காது. அதன்மேல் அல்ட்ராசவுண்டு கருவியை வைத்தால் மூளைக்குள் ரத்தக் கசிவு இருக்கிறதா என்று பார்த்துவிடலாம். குறைமாதக் குழந்தைக்கு அந்தக் கசிவு பெரும்பாலும் முதல் 3 நாளுக்குள் வருவது.

ஆனால் நம் நாட்டில் அல்ட்ராசவுண்டு பார்ப்பது டாக்டர் வேலை. கருவின் பாலினம் அறிவதைத் தடுக்கும் 1994-ஆம் வருடச் சட்டத்தின் கெடுபிடி அப்படி. பி.எஸ்சி. ரேடியாலஜி முடித்தவர் தனியாக அதைச் செய்ய முடியாது. 'அல்ட்ராசவுண்டு டெக்னீஷியன் கோர்ஸ்' என்று நோட்டீஸ் கொடுக்கும் இடத்தில் பணம் கட்டிவிடாதீர்கள்.

அந்த ஸ்கேன்தான் வேண்டுமென்றால் எம்.பி.பி.எஸ். ஐந்தரை வருடம். பிறகு எம்.டி. ரேடியாலஜி 3 வருடம், அல்லது எம்.டி. குழந்தை மருத்துவம் 3, அதற்கு மேல் டி.எம். நியோனட்டாலஜி (பச்சிளங்குழந்தை மருத்துவம்) 3. ஒவ்வொரு படியிலும் ஒரு நீட். இந்த வழிக்கு இன்னொரு வருடம் நீட் எழுதுவது வீணில்லை.

அவளுக்குக் குழந்தைகளோடு இருந்தால் போதுமா? அப்படியானால் பி.எஸ்சி.யே சரி. இன்டர்ன்ஷிப்போடு 4 வருடம், பிளஸ் டூ மதிப்பெண்ணை வைத்து இடம். இதை இரண்டாந்தரமாக நினைக்காதீர்கள். நிமிடத்துக்கு 40 முதல் 60 முறை மூச்சுவிடும் குழந்தைக்கு, மூச்சை இழுக்கும் அந்த நொடியில் எக்ஸ்ரே எடுக்க வேண்டும். மூச்சுக்காகத் தொண்டையில் வைத்திருக்கும் குழாய் இம்மியும் நகரக்கூடாது. தேவையான இடத்தைத் தாண்டிக் கதிர் படக்கூடாது. எம்.ஆர்.ஐ. என்றால் பால் கொடுத்து, துணியில் சுற்றி, காதை மூடித் தூங்கவைத்தே மயக்க மருந்தில்லாமல் முடித்துவிடுகிற கெட்டிக்காரர்கள் உண்டு.

கதிர்வீச்சு, கல்யாணம் என்று கவலைப்பட்டு இரண்டு பக்கம் எழுதியிருக்கிறீர்கள். பணியாளர்களுக்கு 5 வருடச் சராசரியாக ஆண்டுக்கு 20 மில்லிசீவர்ட் (உடலில் படும் கதிர்வீச்சை அளக்கும் அலகு) என்பது அணுசக்தி ஒழுங்குமுறை வாரியத்தின் வரம்பு. சட்டையில் குத்தும் பேட்ஜ் அதை அளக்கும். கதிரைத் தடுக்கும் ஈய ஏப்ரன், தள்ளி நிற்பது, இரண்டும் பழக்கமானால் அந்த வரம்புக்குப் பக்கத்தில்கூடப் போகமாட்டாள். கர்ப்பம் தரித்தால் உடனே துறையில் சொல்ல வேண்டும். வயிற்றில் இருக்கும் குழந்தைக்குத் தனி வரம்பு, மீதி மாதங்களுக்கு 1 மில்லிசீவர்ட்.

கல்லூரியில் ஒன்றைக் கேளுங்கள்: இன்டர்ன்ஷிப்பில் குழந்தைகள் வார்டுக்கு அனுப்புவார்களா? பெரியவர்களுக்கு மட்டும் எக்ஸ்ரே எடுத்துப் பழகிய கைக்கு, 1 கிலோ குழந்தையைத் தொடவே நடுங்கும்.