சென்னைப் பஞ்சாங்கமும் டர்பன் சூரியனும்

வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: நாத்தனார் வருஷா வருஷம் சென்னையிலிருந்து பஞ்சாங்கமும் தினசரி காலண்டரும் அனுப்புகிறார். ராகு காலம், பிரதோஷம் எல்லாம் அதைப் பார்த்துத்தான். போன மாதம் நம் கோயில் நாள்காட்டியில் பிரதோஷம் ஒரு நாள் முன்னாலேயே போட்டிருந்தது. எது தப்பு? – வாசகி, சாட்ஸ்வொர்த்

பதில்: எதுவும் தப்பில்லை அக்கா, இரண்டும் அவரவர் ஊருக்குச் சரி. பஞ்சாங்கத்தில் இரண்டு விதமான நேரங்கள் கலந்து கிடக்கின்றன, அதைப் பிரித்துக்கொண்டால் பாதிக் குழப்பம் தீர்ந்தது. திதியும் நட்சத்திரமும் முடிகிற நேரம் உலகம் முழுவதற்கும் ஒரே கணம்தான், ஏனென்றால் அது சந்திரன் எங்கே நிற்கிறது என்ற கணக்கு. இந்தியக் கடிகாரத்துக்கும் நம் தென்னாப்பிரிக்கக் கடிகாரத்துக்கும் மூன்றரை மணி நேர வித்தியாசம். அதைக் கழித்தால் போதும். அங்கே பௌர்ணமி இரவு 2.30க்கு முடிகிறது என்றால் இங்கே முந்தைய இரவு 11 மணிக்கே முடிந்துவிடும். நாழிகையில் போட்டிருந்தால் இரண்டரை நாழிகைக்கு ஒரு மணி என்று சென்னை சூரிய உதயத்திலிருந்து எண்ணி, அப்புறம் மூன்றரையைக் கழியுங்கள். சென்னை உதயத்திலிருந்து, நம் உதயத்திலிருந்து இல்லை. நானே ஒரு தடவை டர்பன் உதயத்திலிருந்து எண்ணி, ஒரு கிருத்திகை விரதத்தைத் தப்பான நாளில் பட்டினி கிடந்து முடித்தவன்தான்.

உதயத்தையும் அஸ்தமனத்தையும் வைத்துச் சொல்லும் நேரங்கள் வேறு ஜாதி. அவற்றில் மூன்றரையைக் கழித்து ஒரு பிரயோஜனமும் இல்லை, நம் சூரியனை வைத்துப் புதிதாகத்தான் போட வேண்டும். உங்கள் பிரதோஷத்தையே எடுங்களேன். அஸ்தமன வேளையில் திரயோதசி, அதாவது பதின்மூன்றாம் திதி, இருக்க வேண்டும். சென்னையில் திரயோதசி இரவு 7.30க்குப் பிறக்கிறது என்று வையுங்கள், அங்கே பொழுது சாய்ந்து முக்கால் மணி நேரமாவது ஆகியிருக்கும், அதனால் அவர்களுக்குப் பிரதோஷம் மறுநாள். அதே கணம் இங்கே சாயங்காலம் 4 மணி, நம் சூரியன் இன்னும் விழவில்லை, நமக்குப் பிரதோஷம் அன்றைக்கே. கோயிலில் யாரோ உட்கார்ந்து ஒழுங்காகக் கணக்குப் போட்டிருக்கிறார்கள். அடுத்த முறை போகும்போது ஒரு வார்த்தை பாராட்டிவிட்டு வாருங்கள், அந்த மாதிரி ஆட்களிடம் எல்லோரும் சண்டைக்குத்தான் போகிறார்கள்.

ராகு காலத்தில் வித்தியாசம் இன்னும் பெரிது. 'திருவிழா சந்தடியில் வெளியில் புகுந்து விளையாடச் செல்வது ஞாயமா' என்று மனப்பாடம் செய்திருப்பீர்கள்: திங்கள் 7.30, சனி 9, வெள்ளி 10.30, புதன் 12, வியாழன் 1.30, செவ்வாய் 3, ஞாயிறு 4.30. காலை 6க்கு விடிந்து மாலை 6க்கு இருட்டும் ஊருக்கு அது பொருந்தும். பகலை எட்டாகப் பிரித்து அதில் ஒரு பங்கு (திங்களுக்கு இரண்டாவது பங்கு) என்பதுதான் அடிப்படை. டிசம்பர் கடைசியில் டர்பனில் 4.50 வாக்கில் விடிந்து 6.55க்குத்தான் அஸ்தமனம், பகல் 14 மணி நேரம், ஒரு பங்கு ஒன்றே முக்கால் மணி. அப்போது திங்கட்கிழமை ராகு காலம் ஏறக்குறைய 6.35க்குத் தொடங்கி 8.20க்கு முடிந்துவிடும். ஜூன் கடைசியில் 6.50க்கு விடிந்து 5.05க்கே பொழுது போய்விடுகிறது, பங்கு 1 மணி 17 நிமிடம்தான், திங்கள் ராகு காலம் 8.10 முதல் 9.25 வரை. 7.30 முதல் 9 என்று கண்ணை மூடிக்கொண்டு ஒதுக்குகிறவர் டிசம்பரில் 6.45க்கு ராகு காலத்திலேயே வண்டியைக் கிளப்பிவிட்டு, 8.30க்கு நல்ல நேரத்தில் வீட்டில் உட்கார்ந்திருப்பார். கேப்டவுனில் மகள் இருந்தால் அவளுக்கு இந்த டர்பன் கணக்கும் ஆகாது. கடிகாரம் ஒன்றுதான், ஆனால் அங்கே சூரியன் நமக்கு ரொம்பப் பிந்தி வருகிறது.

கல்யாண முகூர்த்தத்துக்கு லக்னம் (அந்த நேரத்தில் கிழக்கே உதிக்கிற ராசி) பார்க்கிறவர்கள் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். வடக்கே சீக்கிரம் உதிக்கிற மேஷமும் மீனமும் நம் தெற்குப் பக்கத்தில் நிதானமாக உதிக்கும், சென்னை லக்ன அட்டவணை இங்கே உதவாது. அதோடு வாக்கியம், திருக்கணிதம் என்று இரண்டு வகைப் பஞ்சாங்கம் வேறு. வாக்கியம் பழைய சூத்திர வாக்கியங்களை வைத்துப் போடுவது, பாம்புப் பஞ்சாங்கம் அந்த வகை. திருக்கணிதம் வானத்தில் பார்த்ததற்கு ஏற்பத் திருத்தியது. இரண்டுக்கும் நடுவே திதி முடிவு சில மணி நேரம் தள்ளிப் போகும். ஏதாவது ஒன்றைப் பிடித்துக்கொள்ளுங்கள், வசதிக்கு ஏற்ப மாறி மாறிப் பார்க்க வேண்டாம்.

கேள்வி: ஆடிப்பட்டம் தேடி விதை என்கிறார்களே, நம் தோட்டத்துக்கு அது சரிவருமா? – வாசகர், வெருலம்

பதில்: வராது. ஆடி நமக்குக் குளிர்காலம், மழையும் இல்லை. நம் மழை அக்டோபர் வாக்கில் தொடங்கிக் கோடை முழுவதும் பெய்வது. பயறும் வெண்டையும் அப்போது போடுங்கள். ஆடியில் அம்மனுக்குக் கூழ் ஊற்றுங்கள், அதற்குக் குளிர் ஒரு தடையில்லை, சூடாகக் குடிக்க இன்னும் நன்றாகவே இருக்கும்.

கேள்வி: தாத்தா வைத்திருந்த பழைய இயர் புக்குகள், பொது அறிவுப் புத்தகங்கள் ஒரு அலமாரி நிறைய இருக்கின்றன. பள்ளி வினாடி வினாவுக்குப் படிக்கலாமா, இல்லை தூக்கிப் போட்டுவிடலாமா? – மாணவர், டோங்காட்

பதில்: தம்பி, போட்டிக்குப் படிக்காதே, தூக்கியும் போடாதே. 1993 புத்தகத்தில் நம் நாட்டுக்கு மாகாணம் 4, அடுத்த வருடமே 9. 1994க்கும் 2023க்கும் நடுவில் வந்ததில் ஆட்சி மொழி 11, இப்போது சைகை மொழியோடு 12. ஸ்வாசிலாந்து 2018இல் எஸ்வாட்டினி ஆகிவிட்டது, 2006இல் புளூட்டோவைக் கோள் வரிசையிலிருந்து எடுத்துவிட்டார்கள். ஆனால் 1980களின் புத்தகத்தைத் திறந்தால் இந்த நாடு தன்னைப் பற்றி அப்போது என்ன சொல்லிக்கொண்டது என்று தெரியும். இன்றைக்கு எழுதுகிற எந்தப் புத்தகமும் அதை அந்தக் குரலில் சொல்லாது. (நம் அரசியல் சாசனத்தின் 6ஆம் பிரிவில் தமிழின் பெயரும் இருக்கிறது. ஆட்சி மொழியாக இல்லை, போற்றி வளர்க்க வேண்டிய மொழிகளில் ஒன்றாக. வினாடி வினாவில் கேட்டாலும் கேட்பார்கள்.)

அலமாரியில் அபிதான சிந்தாமணி என்ற கலைக்களஞ்சியம் இருக்கிறதா பார். 1910இல் வந்தது, சிங்காரவேலு முதலியார் கிட்டத்தட்டத் தனி ஆளாக உழைத்துத் தொகுத்தது. அல்லது தூரன் ஆசிரியராக இருந்து 1954 முதல் 1968 வரை 10 தொகுதியாக வந்த கலைக்களஞ்சியம். இருந்தால் கரையான் படாத இடத்துக்கு மாற்று. விஞ்ஞானப் பகுதிகள் பழசாகியிருக்கும், புராணப் பெயரும் புலவர் பெயரும் தேட இன்றைக்கும் கை அங்கேதான் போகும்.

கேள்வி: கின்னஸ் புத்தகத்துக்கும் பீருக்கும் சம்பந்தம் உண்டாமே? – அதே மாணவர்

பதில்: உண்டு. 1951இல் அயர்லாந்தில் வேட்டைக்குப் போன அந்த பீர் கம்பெனி நிர்வாகி ஒருவருக்கு, எந்த வேட்டைப் பறவை வேகமானது என்று வாக்குவாதம். எந்தப் புத்தகத்திலும் விடை கிடைக்கவில்லை. 1955இல் புத்தகம் வந்தது.

கேள்வி: கொள்ளுத்தாத்தா கிர்மிட்டில் (ஒப்பந்தக் கூலியாக) வந்தவர். அப்பாவின் நோட்டில் அவர் 'சுபகிருது வருஷம் ஆவணி' பிறந்ததாக மட்டும் எழுதியிருக்கிறது. ஆங்கில வருடம் கண்டுபிடிக்க வழி உண்டா? – வாசகி, பீட்டர்மாரிட்ஸ்பர்க்

பதில்: தமிழ் வருடப் பெயர்கள் 60. பிரபவ தொடங்கி அட்சய வரை சுற்றி மறுபடி பிரபவ. சுபகிருது 36ஆவது, கடைசியாக வந்தது 2022 ஏப்ரலில். அறுபது அறுபதாகப் பின்னால் போனால் 1962, 1902, 1842. ஆவணி என்றால் ஆகஸ்டு நடுவிலிருந்து செப்டம்பர் நடு வரை. நேட்டாலுக்கு ஒப்பந்தக் கப்பல்கள் 1860 நவம்பரில் டுரூரோ என்ற கப்பலோடு தொடங்கி, 1866இல் நின்று, 1874இல் திரும்பத் தொடங்கி, 1911இல் முடிந்தன. 1962 அடிபட்டுப் போகிறது. 1842 என்றால் முதல் கட்டத்தில் வந்தபோது 18 முதல் 24 வயதுக்குள், இரண்டாம் கட்டம் என்றால் முப்பதைத் தாண்டியவர். 1902 என்றால் பெற்றோர் கையைப் பிடித்து வந்த குழந்தை. அப்படியும் நிறைய வந்தார்கள், அதனால் அதை உடனே தள்ளிவிடாதீர்கள். கப்பல் பட்டியலில் வயதும் தகப்பன் பெயரும் இருக்கும். வயது ஒன்றிரண்டு முன்பின் இருந்தாலும் 1842ஐயும் 1902ஐயும் யாரும் குழப்பிக்கொள்ள முடியாது. நோட்டின் பக்கத்து வரிகளில் கிழமையோ நட்சத்திரமோ எழுதியிருக்கிறதா என்று பாருங்கள். இரண்டும் இருந்தால் அந்த மாதத்துக்குள் ஒரு நாளில் வந்து நின்றுவிடலாம், பக்கத்தைப் போட்டோ எடுத்து அனுப்புங்கள்.