அலெக்ஸ் ஜோன்ஸ் ஏன் இவ்வளவு சர்ச்சைக்குள்ளானார்?
அமெரிக்காவில், டெக்சாஸின் ஆஸ்டினில் உள்ளூர் ஒளிபரப்பில் பேசத் தொடங்கிய இந்த நிகழ்ச்சித் தொகுப்பாளர், 1999-இல் இன்ஃபோவார்ஸ் தளத்தை ஆரம்பித்தார். எதைப் பார்த்தாலும் அரசின் சதி என்பார். பயமுறுத்திவிட்டு அதே நிகழ்ச்சியில் சத்து மாத்திரை விற்பார். வருமானமே பெரும்பாலும் அதில்தான்!

அவரைக் கவிழ்த்தது சாண்டி ஹூக் பள்ளிப் படுகொலை பற்றிய பேச்சு. 2012 டிசம்பரில் அந்தப் பள்ளியில் 20 குழந்தைகளும் 6 பெரியவர்களும் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அதை நாடகம் என்றார், பெற்றோரை நடிகர்கள் என்றார். அதை நம்பியவர்கள், பிள்ளையைப் பறிகொடுத்தவர்களையே மிரட்டினார்கள். மற்றதையெல்லாம் கருத்துச் சுதந்திரம் என்று விட்டாலும் இதை எப்படி விடுவது?

2018-இல் யூடியூபும் ஃபேஸ்புக்கும் அவரை நீக்கின. அதே ஆண்டில் பிள்ளைகளை இழந்த குடும்பங்கள் அவதூறு வழக்குகளும் போட்டன. 2022-இல் நீதிமன்றத்தில், படுகொலை உண்மைதான் என்று அவரே ஒப்புக்கொண்டார். அந்தப் பள்ளி இருக்கும் கனெக்டிகட் மாநிலத்தின் ஜூரி மட்டும் சுமார் 96.5 கோடி டாலர் இழப்பீடு விதித்தது. அந்த டிசம்பரிலேயே திவால் மனு போட்டார்.