‘கபீரியா’வைத் திரையிட யாருக்குப் பணம் கட்ட வேண்டும்?

கேள்வி: எங்கள் திரைப்படச் சங்கத்தில் 1914-இல் வந்த இத்தாலிய மௌனப் படம் ‘கபீரியா’வைப் பியானோ வாசிப்போடு திரையிட இருக்கிறோம். “இந்திய உரிமை என்னிடம்தான், 40,000 ரூபாய் கட்டுங்கள்” என்கிறார் ஒருவர். நடிகர்களின் வாரிசுகளும் கேட்பார்களாம். கட்டத்தான் வேண்டுமா?

பதில்: படத்துக்காகக் கட்ட வேண்டாம். நம் சட்டப்படி ஒரு படத்தின் பதிப்புரிமை, அது வெளியான ஆண்டுக்கு அடுத்த ஜனவரியிலிருந்து 60 ஆண்டு. கபீரியா தூரின் நகரில் திரைக்கு வந்தது 1914 ஏப்ரலில். 60 ஆண்டு என்று எண்ணினாலும் 1974 டிசம்பரோடு கணக்கு தீர்ந்தது. மாச்சிஸ்தேயாக வந்த பார்தொலொமேயோ பகானோவின் வாரிசும் சரி, சொஃபொனிஸ்பாவாக நடித்த இதாலியா அல்மிரான்தே மன்சினியின் வாரிசும் சரி, இங்கே வந்து எதுவும் கேட்க முடியாது. இத்தாலியில் கணக்கு வேறு. நீங்கள் அங்கே திரையிடப் போவதில்லையே, விடுங்கள்.

இந்த உரிமை ஆசாமிகளிடம் ஒன்றே ஒன்று கேளுங்கள்: யார், எந்தத் தேதியில் எழுதிக் கொடுத்தார்? நகலைக் காட்டச் சொல்லுங்கள். பெரும்பாலும் அதோடு போன் வருவது நின்றுவிடும். அடுத்து “மீட்டெடுத்த பிரதி” என்பார். தூரின் தேசியத் திரைப்பட அருங்காட்சியகம் 2006-இல் மீட்டெடுத்த பிரதி வேண்டுமென்றால் அவர்களுக்கே எழுதுங்கள். ஏதாவது கேட்டால் அது பிரதிக்கான வாடகை. நடுவில் இவர் எதற்கு? ஒரு படத்தின் பதிப்புரிமை முடிந்துவிட்டது என்று சான்றிதழ் தர நம் நாட்டில் ஒரு அலுவலகமும் கிடையாது. பதிவு செய்வதே கட்டாயமில்லை என்பதால் பதிவேட்டைப் புரட்டியும் பயனில்லை. சாதாரண ஜனங்கள் விரல்விட்டு ஆண்டுகளை எண்ண வேண்டியிருக்கிறது. இவர்கள் கடை விரிப்பதே இந்தக் குழப்பத்தை நம்பித்தான்.

நான் கவலைப்படுவது உங்கள் பியானோவைப் பற்றி. மொலோக் என்ற தெய்வத்தின் கோயிலில் குழந்தைகளைத் தீயில் போடும் காட்சி இருக்கிறதல்லவா, அதற்கென்றே இசையமைப்பாளர் இல்தெப்ராந்தோ பிட்செத்தி எழுதியது ‘சின்ஃபோனியா தெல் ஃபுவோகோ’ (தீயின் சிம்பொனி). இசைக்கு 60 ஆண்டு எண்ணுவது வெளியான நாளிலிருந்து அல்ல, இசையமைப்பாளர் இறந்த ஆண்டுக்கு அடுத்த ஜனவரியிலிருந்து. பிட்செத்தி 1968 வரை வாழ்ந்தார். ஆக, படம் சும்மா கிடைக்கும், ஆனால் அந்த ஒரு இசைக்கு 2028 முடியும்வரை அனுமதி வேண்டும். பியானோ வாசிப்பவர் அதை வாசிப்பதாக இருந்தால் இசைப் பதிப்பாளரிடம் கேளுங்கள். சொந்தமாக ஏதாவது வாசித்தால் யாரையும் கேட்க வேண்டாம். அப்புறம், இணையத்திலிருந்து இறக்கிய பிரதியில் யாரோ புதிதாக வாசித்துச் சேர்த்த இசை இருக்கும். திரையிடும்போது அந்த ஒலியை அணைத்துவிடுங்கள்.