டீ குடிச்சா போதை ஏறுமா? – கடிதம்

வணக்கம் சார்,

நீங்க சொன்னீங்கன்னு லாரல் ஹார்டியோட ‘ப்ளாட்டோ’ (1930) பாத்தேன். பொண்டாட்டி ஒளிச்சு வச்ச சரக்கு பாட்டில லாரல் தூக்கிட்டு ஹார்டியோட கிளப்புக்கு போறான், ஆனா பொண்டாட்டி முன்னாடியே சரக்க மாத்திட்டதால உள்ள இருக்கறது வெறும் டீ. டீயில எப்படி சார் போதை ஏறும்? அப்புறம் பொண்டாட்டின்னாலே ராட்சசிதானா? ரொம்ப பழைய ஜோக் சார்.

அன்புள்ள நண்பருக்கு,

வெறும் டீன்னு சொல்லி அந்தம்மாவோட உழைப்ப குறைக்காதீங்க, சமையல்கட்டுல இருந்த காரத்தையெல்லாம் அதுல கொட்டி கலக்குறாங்களே! அதக் குடிச்சு தூக்கிவாரிப் போட்டும் இவனுங்க நல்ல சரக்குன்னு சர்டிஃபிகேட் குடுக்கறானுங்க. திருட்டுத்தனமா குடிக்கறோம்ங்கற நெனப்புலயே பாதி ஏறிடுச்சு, மீதிய அவனுங்களே ஏத்திக்கிட்டானுங்க.

ராட்சசி விஷயத்துக்கு வரேன். அது அமெரிக்காவுல மதுவிலக்கு காலம், 1920ல ஆரம்பிச்சு 1933 வரைக்கும் இருந்துச்சு. சட்டம் வர்றதுக்கு முன்னாடி வாங்கின சரக்க வீட்டுல வச்சு குடிச்சா தப்பில்ல, வெளிய எடுத்துட்டுப் போனாத்தான் கேஸ். அந்தம்மா மதுவிலக்கு வந்ததுலேருந்து பத்திரமா வச்சிருந்த பாட்டில் அது. திருடினவன விட்டுட்டு பறிகொடுத்தவங்கள ராட்சசிங்கறீங்க.

எனக்கு படமே லாரலோட பொண்டாட்டியா வர்ற அனிதா கார்வின்தான். ஹார்டி ஃபோன்ல திட்டம் சொல்லும்போது பக்கத்து ரூம்ல இன்னொரு ஃபோன எடுத்து அவங்க ஒட்டுக்கேக்கறாங்க பாருங்க, அங்கயே ரகசியம் காலி. லாரல் ஹார்டி பேசும்படத்துக்கு வந்தது 1929 மே மாசம்தான், அதுக்குள்ள எவ்ளோ தெளிவு, பேசுற வாய விட கேக்குற காதுலதான் காமெடின்னு புரிஞ்சிருக்கு. கிளப்புல இவனுங்க கண்ணுல தண்ணி வர்ற அளவுக்கு சிரிக்கறானுங்க, அந்தம்மா அங்கயே ஒரு டேபிள்ல உக்காந்து ஒரு வார்த்தை பேசாம முறைச்சுக்கிட்டே இருக்காங்க. உன் சரக்கத்தான் குடிச்சோம்னு அவங்ககிட்டயே சொல்லி சிரிக்கறானுங்க, அது ஆறின டீன்னு அவங்க சொன்னதும் போதை போற வேகம் இருக்கே! அப்புறம்தான் பார்சல்ல இருந்து துப்பாக்கி வருது, அது கொஞ்சம் ஓவர்தான், ஒத்துக்கறேன்.

இதே படத்த ஸ்பானிஷ்லயும் ஃப்ரெஞ்சுலயும் திரும்ப எடுத்தாங்க, டப்பிங் இல்ல, இவனுங்களே கரும்பலகையில எழுதி வச்சத பாத்துப் பாத்து பேசினது. ஸ்பானிஷ்ல மனைவியா வர்றது லிண்டா லொரேடோ. கிடைச்சா அதையும் பாருங்க, பொண்டாட்டி எப்படின்னு மறுபடி எழுதுங்க.