பி.எஸ்.2 பென் டிரைவ்: ஒரு கேம் தெரியவில்லை, ஒன்று ஓடவில்லை, ஒன்று திக்குகிறது

கேள்வி: என்னிடம் பி.எஸ்.2 ஸ்லிம் (சோனியின் பிளேஸ்டேஷன் 2 கேம் கன்சோலின் மெல்லிய மாடல்) இருக்கிறது, 77000 வரிசை. வெளி மென்பொருள்களைக் கன்சோலில் ஓடவைக்கும் ஃப்ரீ மெக்பூட் ஏற்றிய மெமரி கார்டு ஒன்றைக் கடையில் வாங்கி, டிஸ்க் இல்லாமல் கேமை ஓட்டும் ஓ.பி.எல் மென்பொருள் வழியாக விளையாடுகிறேன். என் டிஸ்க்குகளைக் கம்ப்யூட்டரில் படியெடுத்து 32 ஜி.பி. பென் டிரைவில் போட்டேன். அடிப்பக்கம் நீலமாக இருக்கும் டிஸ்க்கிலிருந்து எடுத்த கேம் பட்டியலிலேயே வரவில்லை. இன்னொன்றைத் திறந்தால் 'ஃப்ராக்மென்டட்' என்று பிழை காட்டி நின்றுவிடுகிறது. மூன்றாவது ஓடுகிறது, ஆனால் நடுவில் வரும் வீடியோக் காட்சிகள் திக்கித் திக்கி வருகின்றன. 'காட் ஆஃப் வார் 2' பென் டிரைவில் ஏறவே மறுக்கிறது, ஃபைல் பெரிது என்கிறது விண்டோஸ். வேகமான யு.எஸ்.பி 3.0 பென் டிரைவ் வாங்கினால் எல்லாம் சரியாகிவிடுமா?

பதில்: வாங்காதீர்கள். உங்கள் நான்கு சிக்கல்களுக்கும் நான்கு தனித்தனிக் காரணங்கள். அதில் ஒன்றைக்கூடப் புதிய பென் டிரைவ் தீர்க்காது. மூன்றைக் காசு செலவில்லாமல் இன்று மாலையே சரி செய்துவிடலாம். நான்காவதற்கு ஒரு லேன் கேபிள் வேண்டும்.

முதலில் நீல டிஸ்க். பி.எஸ்.2 கேம்கள் எல்லாமே டிவிடியில் வந்தவை அல்ல. 2000-இல் வந்த கன்சோல் அது. தொடக்க காலக் கேம்களில் கணிசமானவை, 700 எம்.பி.க்குள் அடங்கியதால், சிடியிலேயே வந்தன. அந்தச் சிடிக்களின் அடிப்பக்கம்தான் நீலம். டிவிடியைப் படியெடுத்தால் நேராக ஐ.எஸ்.ஓ ஃபைல், அதாவது மொத்த டிஸ்க்கின் நகலாக ஒரே ஃபைல், கிடைக்கும். பி.எஸ்.2 சிடியைப் படியெடுத்தால் பெரும்பாலான மென்பொருள்கள் 'பின்' என்ற பெரிய ஃபைலையும் 'க்யூ' என்ற குட்டி ஃபைலையும் தரும். ஓ.பி.எல் இந்த 'பின்' ஃபைலைக் கண்டுகொள்ளாது. ஃபோல்டரைத் திறந்து பாருங்கள், உங்களிடமும் இந்த ஜோடிதான் இருக்கும்.

பெயரின் வால்பகுதியை மட்டும் ஐ.எஸ்.ஓ என்று மாற்றிப் பார்க்கத் தோன்றும். அது பட்டியலில் வந்தாலும் ஓடாது. சிடியில் தரவு செக்டார் என்ற சிறு அலகுகளாக இருக்கும், ஒவ்வொன்றும் 2352 பைட். அதில் கேமின் தரவு 2048 பைட்தான். மிச்சம் முகவரியும் பிழைதிருத்தத் தகவலும். 'பின்' ஃபைலில் இவை எல்லாம் அப்படியே இருக்கும். ஓ.பி.எல் 2048, 2048 என்று எண்ணிக்கொண்டே போகும், முதல் செக்டாரிலேயே கணக்கு தவறிவிடும். அதனால் பெயர் மாற்றம் போதாது, உண்மையான மாற்றமே வேண்டும். 'பி-சங்க்' போன்ற இலவசக் கருவிகள் அதை ஓரிரு நிமிடத்தில் செய்துவிடும். கிடைக்கும் ஐ.எஸ்.ஓ-வை பென் டிரைவில் 'சிடி' ஃபோல்டருக்குள் போடுங்கள், 'டிவிடி' ஃபோல்டரில் அல்ல. இரண்டு ஃபோல்டர்களின் பெயரும் ஆங்கிலப் பெரிய எழுத்தில், பென் டிரைவின் முதல் தளத்திலேயே இருக்க வேண்டும். வேறொரு ஃபோல்டருக்குள் இவற்றைப் புதைத்துவைத்தால் ஓ.பி.எல் தேடிப் போகாது.

அடுத்தது 'ஃப்ராக்மென்டட்'. இதைப் பார்த்ததும் பலர் ஐ.எஸ்.ஓ கெட்டுவிட்டது என்று நினைத்து மறுபடி படியெடுக்கப் போய்விடுகிறார்கள். ஃபைலில் எந்தக் கோளாறும் இல்லை, அது பென் டிரைவில் உட்கார்ந்திருக்கும் விதத்தில்தான் கோளாறு. பென் டிரைவில் ஏதேதோ போட்டு அழித்துக்கொண்டே இருந்தால் காலி இடம் துண்டு துண்டாகிவிடும். புதிதாக ஒரு 3 ஜி.பி. ஃபைல் வரும்போது விண்டோஸ் அதை வெட்டி, இங்கே கொஞ்சம் அங்கே கொஞ்சம் என்று அடைத்துவைக்கும். கம்ப்யூட்டருக்கு அது ஒரு பொருட்டே அல்ல. பி.எஸ்.2-க்குப் பெரிய பொருட்டு.

காரணம் சுவாரஸ்யமானது. பி.எஸ்.2-வில் டிஸ்க், யு.எஸ்.பி, நெட்வொர்க் எல்லாவற்றையும் கவனித்துக்கொள்வது முதன்மைச் செயலி அல்ல, 'ஐ.ஓ.பி' என்ற துணைச் செயலி. பழைய மாடல்களில் அது பி.எஸ்.1-இன் செயலியேதான். உங்களுடைய 77000 வரிசையில் அதைப் போலவே நடிக்கும் வேறு சிப். எதுவானாலும் அதற்கு இருக்கும் நினைவகம் 2 எம்.பி. மட்டும். கேம் தன் சொந்த வேலைக்கே அதில் பெரும்பகுதியை எடுத்துக்கொள்ளும். மிச்சம் இருக்கும் இடுக்கில்தான் ஓ.பி.எல் நுழைந்து உட்கார்ந்து, "டிஸ்க்கிலிருந்து இதைக் கொடு" என்று கேம் கேட்கும்போதெல்லாம் பென் டிரைவிலிருந்து எடுத்துக் கொடுக்கிறது. எந்தத் துண்டு எங்கே என்ற நீளமான பட்டியலை வைத்துக்கொள்ள அங்கே இடமில்லை. ஃபைல் எங்கே தொடங்குகிறது என்று ஒரே ஒரு எண்ணைக் குறித்துக்கொண்டு, அங்கிருந்து நேர்கோடாக இருக்கிறது என்ற நம்பிக்கையில் படிக்கும். புதிய பதிப்புகள் சில துண்டுகள் வரை தாங்கிக்கொள்ளும். கடைக்காரர்கள் ஏற்றித் தரும் பழைய பதிப்புகள் தாங்காது.

தீர்வு எளிது. பென் டிரைவில் இருப்பதை எல்லாம் கம்ப்யூட்டருக்கு எடுத்துவிட்டு ஃபார்மேட் செய்யுங்கள். பிறகு ஐ.எஸ்.ஓ-க்களை ஒவ்வொன்றாக நகலெடுங்கள், ஒன்று முழுவதும் முடிந்த பிறகு அடுத்தது. ஐந்தையும் சேர்த்துப் பிடித்து இழுத்துப் போடாதீர்கள். நடுவில் ஒரு கேமை அழித்து அந்த இடத்தில் இன்னொன்றைப் போட்டால் பழைய கதை திரும்ப வரும். பென் டிரைவை 'இஜெக்ட்' கொடுத்த பிறகே பிடுங்குங்கள். கம்ப்யூட்டர் திரையில் நகலெடுப்பு முடிந்துவிட்டதாகக் காட்டிய பிறகும் உள்ளே கொஞ்சம் எழுத்து வேலை பாக்கி இருக்கலாம்.

'காட் ஆஃப் வார் 2' விஷயம் வேறு. அது இரட்டை அடுக்கு டிவிடியில் வந்த கேம். உங்கள் பென் டிரைவ் ஃபேட்32 முறையில் ஃபார்மேட் ஆகியிருக்கிறது. அந்த முறையில் ஒரு தனி ஃபைல் 4 ஜி.பி.யைத் தொட முடியாது. பென் டிரைவில் எவ்வளவு இடம் காலியாக இருந்தாலும் சரி. இதற்கு இரண்டு வழிகள் உண்டு. பழைய வழி, 'யு.எஸ்.பி.யுடில்' என்ற மென்பொருளால் ஐ.எஸ்.ஓ-வை 1 ஜி.பி. துண்டுகளாக வெட்டுவது. 'யு.எல்' என்று தொடங்கும் பெயர்களில் துண்டுகளும், கூடவே அவற்றின் பட்டியலான ஒரு சிறிய ஃபைலும் பென் டிரைவின் முதல் தளத்தில் வந்து உட்காரும். அவற்றின் பெயரைத் தொடக் கூடாது, டிவிடி ஃபோல்டருக்குள் நகர்த்தவும் கூடாது. வேலை செய்யும், ஆனால் எனக்குப் பிடிக்காத வழி. ஒரு துண்டு போனால் மொத்தமும் போச்சு.

நான் சொல்வது, ஓ.பி.எல்-ஐப் புதுப்பியுங்கள். 1.2 பீட்டா பதிப்புகள் எக்ஸ்ஃபேட் என்ற வேறொரு முறையில் ஃபார்மேட் செய்த பென் டிரைவையும் படிக்கும். அதில் 4 ஜி.பி. கட்டுப்பாடே இல்லை, வெட்ட வேண்டியதும் இல்லை. புதுப்பிப்பது பெரிய வேலையும் அல்ல. புதிய ஓ.பி.எல் ஃபைலை ஒரு பென் டிரைவில் போட்டு, பி.எஸ்.2-வில் செருகி, ஃப்ரீ மெக்பூட் மெனுவில் உள்ள யு-லாஞ்ச்-எல்ஃப் என்ற ஃபைல் மேனேஜரைத் திறங்கள். அதில் 'மாஸ்' என்று தெரிவது பென் டிரைவ், 'எம்.சி.0' என்பது முதல் மெமரி கார்டு. ஃபைல் மேல் நின்று ஆர்1 அழுத்தினால் மெனு வரும், காப்பி கொடுங்கள். மெமரி கார்டில் பழைய ஓ.பி.எல் இருக்கும் ஃபோல்டருக்குப் போய் மறுபடி ஆர்1, பேஸ்ட். பழைய ஃபைலின் பெயரையே புதியதற்கும் வைத்துவிட்டால் மெக்பூட் அமைப்பில் எதையும் மாற்ற வேண்டியதில்லை. இந்த வேலைக்கு மட்டும் ஃபேட்32 பென் டிரைவ்தான் வேண்டும், ஏனென்றால் பழைய யு-லாஞ்ச்-எல்ஃப்-க்கு எக்ஸ்ஃபேட் தெரியாது. இங்கே மாட்டிக்கொண்டு விழிப்பவர்கள் நிறைய. அப்புறம், அந்த மெமரி கார்டின் மொத்தக் கொள்ளளவே பெரும்பாலும் 8 எம்.பி.தான். முதலில் இடம் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். இடமில்லை என்று மெக்பூட் ஃபோல்டர்களில் கை வைத்தால் கன்சோல் மறுபடி சாதா பி.எஸ்.2 ஆகிவிடும்.

இப்போது முக்கியமான விஷயம், வீடியோ திக்குவது. பி.எஸ்.2-வில் இருப்பது யு.எஸ்.பி 1.1. ஏட்டளவில் நொடிக்கு 12 மெகாபிட், அதாவது 1.5 எம்.பி. நடைமுறையில் கிடைப்பது ஏறக்குறைய 1 எம்.பி. அதே கன்சோலின் டிவிடி டிரைவ் 4 மடங்கு வேகத்தில் சுழன்று நொடிக்கு 5 எம்.பி.க்கு மேல் கொடுக்கும். கேமை உருவாக்கியவர்கள் அந்த 5 எம்.பி.யை மனதில் வைத்துத்தான் எல்லாவற்றையும் அமைத்தார்கள். சண்டை போடும்போது சிக்கல் தெரியாது, ஏனென்றால் அந்தக் கட்டம் முழுவதும் ஏற்கனவே 32 எம்.பி. நினைவகத்தில் ஏறியிருக்கும், ஏறுவதற்குக் கொஞ்சம் கூடுதல் நேரம் பிடிக்கும், அவ்வளவுதான். வீடியோ அப்படியல்ல. நிற்காமல் ஓடிக்கொண்டே இருக்க வேண்டிய தரவு. மெல்லிய குழாயில் பெரிய தொட்டியை நிரப்பப் பார்ப்பது போல. 3.0 பென் டிரைவ் வாங்கினால் தொட்டியின் அந்தப் பக்கம்தான் மாறும், குழாய் மாறாது.

சரி, என்ன செய்யலாம்? உங்கள் ஸ்லிம்மின் பின்பக்கம் பாருங்கள், லேன் போர்ட் இருக்கும். ஸ்லிம் எல்லாவற்றிலும் அது உள்ளேயே வருகிறது, நொடிக்கு 100 மெகாபிட். நடைமுறையில் அது முழுதாகக் கிடைக்காது என்றாலும் யு.எஸ்.பி.யைவிடப் பல மடங்கு. இந்த வழியில் கேமைக் கன்சோலுக்கு மாற்றவே வேண்டாம். ஐ.எஸ்.ஓ-க்கள் கம்ப்யூட்டரிலேயே இருக்கும், பி.எஸ்.2 வேண்டியதை வேண்டியபோது அங்கிருந்து இழுத்துக்கொள்ளும். துண்டு துண்டாக இருக்கும் ஃபைலைக் கம்ப்யூட்டரே சேர்த்துக் கொடுத்துவிடும். கம்ப்யூட்டர் டிஸ்க்கில் 4 ஜி.பி. தடையும் இல்லை. மேலே சொன்ன ஃபார்மேட், வெட்டல், ஒட்டல் எல்லாம் ஒரே அடியில் தேவையற்றதாகிவிடும். ஸ்லிம் வைத்திருக்கும் யார் கேட்டாலும் நான் இதைத்தான் சொல்வேன்.

அமைப்பது இப்படி. கம்ப்யூட்டரில் ஒரு ஃபோல்டர், அதற்குள் சிடி, டிவிடி என்ற அதே இரண்டு ஃபோல்டர்கள். வெளி ஃபோல்டரை நெட்வொர்க்கில் ஷேர் செய்யுங்கள். கேபிளை ரூட்டரில் செருகலாம், அல்லது லேப்டாப்பில் நேராகச் செருகலாம். இன்றைய லேப்டாப்புகளுக்குத் தனி கிராஸ் கேபிள் வேண்டாம். நேராகச் செருகினால் இரண்டு பக்கமும் நீங்களே ஐ.பி. முகவரி கொடுக்க வேண்டும்: லேப்டாப்புக்கு 192.168.1.20, பி.எஸ்.2-க்கு 192.168.1.10, இரண்டுக்கும் மாஸ்க் 255.255.255.0. ஓ.பி.எல்-இன் நெட்வொர்க் அமைப்பில் லேப்டாப்பின் முகவரி, போர்ட் 445, ஷேர் செய்த பெயர் ஆகியவற்றைக் கொடுத்துச் சேமியுங்கள். சேமிக்காமல் வெளியே வந்தால் அடுத்த முறை எல்லாவற்றையும் கன்ட்ரோலரால் மறுபடி தட்ட வேண்டியிருக்கும், அது பொறுமையைச் சோதிக்கிற வேலை.

ஒரே ஒரு முள். ஓ.பி.எல் பேசுவது எஸ்.எம்.பி.1 என்ற பழைய நெட்வொர்க் முறை. 2017 மே மாதம் உலகம் முழுவதும் கம்ப்யூட்டர்களைப் பூட்டிய 'வான்னாக்ரை' புழு பரவியது விண்டோஸின் இந்த எஸ்.எம்.பி.1 ஓட்டை வழியாகத்தான். அந்த ஓட்டையை மைக்ரோசாஃப்ட் அடைத்துவிட்டது, ஆனாலும் அதே ஆண்டின் பிற்பகுதியிலிருந்து புதிதாக நிறுவும் விண்டோஸ் 10-இல் எஸ்.எம்.பி.1 இயல்பாக வருவதில்லை. 'விண்டோஸ் ஃபீச்சர்ஸ்' பகுதியில் போய் நாமே இயக்க வேண்டும். வங்கிக் கணக்கு பார்க்கும் அதே லேப்டாப்பில் இதைத் திறந்துவைப்பதை நான் பரிந்துரைக்க மாட்டேன். வீட்டில் மூலையில் கிடக்கும் பழைய லேப்டாப் இருந்தால் அதற்கு இதுதான் வேலை. அல்லது ராஸ்பெரி பை என்ற குட்டிக் கம்ப்யூட்டரை வாங்கி, அதில் நெட்வொர்க்கில் ஃபைல்களை ஷேர் செய்யும் சாம்பா மென்பொருளை நிறுவலாம். சாம்பாவின் புதிய பதிப்புகளும் பழைய முறையை மூடியே வைத்திருக்கும், அமைப்பு ஃபைலில் ஒரு வரி சேர்த்துத் திறக்க வேண்டும். ஒரே லேப்டாப்தான் இருக்கிறது என்றால் நேர் கேபிள் போட்டு, வைஃபையை அணைத்துவிட்டு விளையாடுங்கள், முடிந்ததும் எஸ்.எம்.பி.1-ஐ மூடிவிடுங்கள்.

லேன் தோதுப்படாதவர்களுக்கு 'எம்.எக்ஸ்.4.எஸ்.ஐ.ஓ' என்ற மலிவான அடாப்டர் இருக்கிறது. மெமரி கார்டு வடிவம், உள்ளே மைக்ரோ எஸ்.டி. கார்டு செருகலாம். கன்சோலின் இரண்டாவது மெமரி கார்டு ஸ்லாட்டில் மட்டும் வேலை செய்யும், புதிய ஓ.பி.எல் வேண்டும். யு.எஸ்.பி.யைவிட வேகம், லேனைவிடக் குறைவு.

ஸ்லிம் இல்லாமல் பழைய கனமான மாடல் வைத்திருப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. உங்களுக்கு நெட்வொர்க் அடாப்டர் வழியாக ஹார்ட் டிஸ்க்கையே உள்ளே வைக்கும் வசதி உண்டு, எல்லாவற்றிலும் வேகமான வழி அது. ஆனால் சோனி அந்த டிஸ்க்கின் இடத்தைப் பிரிக்கத் தனிப் பார்ட்டிஷன் முறை வைத்திருக்கிறது. அது விண்டோஸுக்குத் தெரியாது. கேம் ஏற்றுவதற்காக டிஸ்க்கைக் கழற்றிக் கம்ப்யூட்டரில் மாட்டி, டிஸ்க் மேனேஜ்மென்ட்டைத் திறந்தால், "இனிஷியலைஸ் செய்யவா?" என்று கேட்கும். பழக்கதோஷத்தில் ஓகே அழுத்தினால் ஏற்றிவைத்த கேம்கள் அத்தனையும் போயிற்று. கேன்சல் கொடுத்துவிட்டு, ஹெச்.டி.எல் டம்ப் போன்ற அதற்கென்றே உள்ள கருவியால் மட்டும் ஏற்றுங்கள்.

உங்கள் சொந்த டிஸ்க்கைப் படியெடுப்பதாகச் சொன்னீர்கள், நல்லது. இழப்புக்கும் சேதத்துக்கும் பாதுகாப்பாக, முறையாக வாங்கிய மென்பொருளுக்கு ஒரு காப்பு நகல் வைத்துக்கொள்ள இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆவது பிரிவு இடம் தருகிறது. முந்நூறு கேம் ஏற்றிய பென் டிரைவ் என்று விற்கிறார்களே, அது இந்தக் கணக்கில் வராது.

லேன் போட்ட பிறகும் ஏதாவது ஒரு கேம் மட்டும் முரண்டு பிடித்தால், பட்டியலில் அதன் மேல் நின்று முக்கோணப் பட்டனை அழுத்துங்கள். அந்தக் கேமுக்கான தனி அமைப்பு திறக்கும், அதில் 'மோட்' என்று வரிசையாக இருக்கும். முதலில் மோட் 1-ஐ மட்டும் இயக்கிப் பாருங்கள். அது படிக்கும் வேகத்தை அசல் டிஸ்க்கின் வேகத்துக்குக் கொண்டுவரும், கேம் எதிர்பார்ப்பதைவிட வேகமாகத் தரவு வந்து குழம்புகிற கேம்களுக்கு அது போதும். எல்லா மோடையும் ஒன்றாக இயக்காதீர்கள், எது உதவியது என்றே தெரியாமல் போகும். எதுவுமே உதவவில்லை என்றால் அந்த டிஸ்க்கை நன்றாகத் துடைத்து மறுபடி படியெடுங்கள். கீறல் விழுந்த டிஸ்க்கிலிருந்து எடுத்த ஐ.எஸ்.ஓ பட்டியலில் ஒழுங்காகத்தான் தெரியும், குறிப்பிட்ட ஒரு கட்டத்துக்கு வந்ததும்தான் உறைந்து நிற்கும்.