ஆய்வை விட்டுவிட்டு நடிக்கப் போகலாமா?

தம்பி, முனைவர் பட்ட ஆய்வு மூன்றாம் வருடம், சென்னை நாடகக் குழு கூப்பிடுகிறது, விட்டுவிடலாமா என்கிறீர்கள். விடாதீர்கள். பச்சையப்பன் கல்லூரியில் தத்துவம் நடத்திய பெரியார்தாசன்தான் 1994-இல் 'கருத்தம்மா'வில் நடித்தார். இரண்டும் ஒரே ஆளுக்கு முடியும்.

காட்பாடியில் ரயில் ஏறினால் இரண்டு மணி நேரத்தில் சென்னை. சனி, ஞாயிறு ஒத்திகைக்குப் போய்வாருங்கள். ஆய்வு நெறியாளரிடம் மறைக்க வேண்டாம், முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

அதைவிட முக்கியம், வேலூரில் இருந்துகொண்டு கூத்துப் பார்க்காமல் இருக்காதீர்கள். செய்யாறு பக்கம் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதக் கூத்து நடக்கும்போது அர்ச்சுனன் தவம் செய்யும் பகுதியான அர்ச்சுனன் தபசுக்குப் போங்கள். வேஷக்காரர் அத்தனை உயர மரத்தில் பாடிக்கொண்டே ஏறுவார். உச்சியிலிருந்து எலுமிச்சம்பழம் வீசுவார். கீழே பெண்கள் மடியேந்தி நிற்பார்கள். அவர் எந்த இடத்தில் மூச்சு வாங்குகிறார் என்று மட்டும் கவனியுங்கள். எனக்குக் குரல் பழகியது அப்படித்தான்.