பாதிக் கூரையும் வெட்டி நிறுத்திய மலையும்

ஜப்பானியப் படங்களில் கலை இயக்குநருக்கு என்ன வேலை, செட் போட்டுக் கொடுத்தால் முடிந்துவிடுமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

'ராஷோமோன்' (1950) படத்தில் வரும் பாழடைந்த நகர வாசல் நினைவிருக்கிறதா? கூரை பாதி இல்லை, மழை கொட்டுகிறது. சிதைந்த நாட்டின் குறியீடு அந்தக் கூரை என்று நண்பர்களிடம் நான் மணிக்கணக்கில் அளந்திருக்கிறேன். பிறகு படத்தின் இயக்குநர் அகிரா குரோசவாவின் தன்வரலாற்றைப் படித்தபோது அசடு வழிந்தது. வாசலை அத்தனை பெரிதாக எழுப்பிவிட்டார்களாம். முழுக் கூரையையும் ஏற்றினால் தூண்கள் தாங்காது. அதனால் பாழடைந்த வாசல் என்ற சாக்கில் பாதிக் கூரையோடு நிறுத்திக்கொண்டார்கள். வரலாற்றுப்படி அந்த வாசலின் வழியே வடக்கே பார்த்தால் அரண்மனை தெரிய வேண்டும். கியோத்தோவில் ஸ்டுடியோவின் திறந்தவெளியில் அதற்கு இடமும் இல்லை, பணமும் இல்லை. மலை வடிவில் ஒரு தட்டையான உருவத்தை வெட்டி நிறுத்திச் சமாளித்தார்கள்.

அந்தப் படத்தின் கலை இயக்குநர் தகாஷி மத்சுயாமா. பாரம், இடம், பணம் மூன்றும் கையைக் கட்டிப்போட்ட பிறகும், கதைக்குப் பொருந்துகிற ஒன்றைக் கொண்டுவந்து நிறுத்துவதுதான் என் பார்வையில் இந்த வேலை. மழைக்கு ஒதுங்கும் ஒருவன் அந்த வாசலின் பலகையையே பிய்த்துக் குளிர்காய்கிறான், கவனித்தீர்களா? கட்டுக்குலையாத வாசலில் அவன் கைவைத்தால் யார் நம்புவார்கள்? (மழை நீரில் கறுப்பு மை கலந்ததும் இதே படத்தில்தான். மங்கலான வானத்தின் முன்னால் வெறும் தண்ணீர் கேமராவில் தெரியாது.)

அடுத்து, குரோசவாவின் இன்னொரு கலை இயக்குநர் யோஷிரோ முராகி. குரோசவாவின் 'த்ரோன் ஆஃப் பிளட்' (1957) படத்தின் கோட்டையை ஃபூஜி மலைச் சரிவில், கறுத்த எரிமலை மண்ணின் மேல் கட்டினார். கோட்டையின் உள்முற்றத்தைப் படமாக்கியது மலையில் அல்ல, ஸ்டுடியோவில். இரண்டு இடத்திலும் தரை ஒன்றுபோல இருக்க வேண்டும் என்று ஃபூஜியிலிருந்து மண்ணையே அள்ளி வந்து கொட்டினார்கள். பார்ப்பவர்களில் எத்தனை பேர் தரையைப் பார்ப்பார்கள்? பார்க்காமல் இருப்பதற்குத்தான் அந்த மண். நிறம் மாறியிருந்தால் எல்லோர் கண்ணும் அங்கேதான் போயிருக்கும்.

முராகியின் பெயர் ஆஸ்கருக்கு நான்கு முறை போனது, அதில் ஒன்று உடை வடிவமைப்புக்கு. ஒருமுறைகூட விருது வரவில்லை. குரோசவாவின் 'ரான்' (1985) படத்துக்கு மனைவி ஷினோபுவும் அவரோடு பரிந்துரைக்கப்பட்டிருந்தார். அதிலும் ஃபூஜி சரிவில் ஒரு கோட்டை. அதை உண்மையாகவே கொளுத்தினார்கள். ஒரே டேக், தவறினால் எரிக்க இன்னொரு கோட்டை கிடையாது. அடுத்த முறை அந்தக் காட்சியில் கதாநாயகன் தத்சுயா நகதாயின் முகத்தை விட்டுவிட்டு அவர் இறங்கி வரும் படிக்கட்டைப் பாருங்கள். பின்னால் எல்லாம் எரிந்துகொண்டிருக்கிறது. கிழவர் வேடத்தில் ஒரு நடிகர் கீழே பார்க்காமல், தடுக்கி விழாமல் அதில் நடந்து வருகிறார்.